ஒரு வீட்டுக்காரரின் மறைவு

என் அக்காவின் வீட்டுக்காரரைத் தெரியாதவர்கள் ஊரில் குறைவு. அவரை நேரில் பார்த்தவர்கள் அதைவிடக் குறைவு. ஒருவரும் இல்லை. அக்கா மேடையில் நின்று அவரைப் பற்றிப் பேசுவாள், சனம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கும். கூட்டம் கலையும்போது யாராவது ஒரு பெண்மணி அவள் கையைப் பிடித்து, அவரை ரொம்பக் கேட்டதாகச் சொல்லும்மா என்பார். அக்கா சரி என்பாள். வீட்டுக்கு வந்ததும் மறக்காமல் சொல்லியும்விடுவாள். மெக்கானிக்கிடம்தான் சொல்வாள்.

மெக்கானிக் அக்காவோடு இருப்பவள். லிஃப்ட் பழுது பார்ப்பது அவள் வேலை. நான் அந்த வீட்டில் தங்கப் போவதற்கு முன்பிருந்தே இருவரும் அங்கே குடித்தனம் நடத்திக்கொண்டிருந்தார்கள். குடித்தனம் என்று யோசித்துத்தான் சொல்கிறேன். ஒரே கட்டில், ஒரே அலமாரி, குப்பையை யார் கீழே கொண்டுபோவது என்று ஓயாத சண்டை. இதற்கு மேல் குடித்தனத்தில் என்ன இருக்கிறது என்று எனக்குத் தெரியவில்லை.

அக்கா முதலில் நடிகை. நடிகை என்றால் கதவு திறக்கிற நடிகை. மணி அடிக்கும், அக்கா கதவைத் திறப்பாள், "ஐயா வெளியே போயிருக்காங்க" என்பாள், படம் அவளை விட்டுவிட்டு மேலே போய்விடும். படப்பிடிப்பில் அவளுக்குப் பட்டப்பெயரே கதவுதான். கதவு சாப்பிட்டாச்சா, கதவுக்குப் பொட்டலம் கொடுத்தாச்சா என்று அக்கறையாகத்தான் கேட்பார்களாம். ஒரு டைரக்டர் மட்டும் அவள் முகத்தை இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்தார். கதாநாயகிக்குத் தோழியாகப் போடலாம், ஆனால் கதாநாயகியைவிடப் புத்திசாலியாகத் தெரிகிறது, அது ஆகாது என்று விட்டுவிட்டார்.

அதன் பிறகுதான் அவள் சிரிக்க வைக்கப் போனாள். ஒரு காபி கடையின் மாடியில் வாரம் ஒருநாள் யார் வேண்டுமானாலும் மைக் பிடிக்கலாம். முதல் தடவை மெக்கானிக் வேலைச் சட்டையோடு கடைசி வரிசையில் போய் உட்கார்ந்தாள். அக்கா, "என்கூட இருக்கிறவங்க லிஃப்ட் ரிப்பேர் பண்றவங்க" என்று ஆரம்பித்தாள். முன்வரிசையில் ஒருவர், "யாரு, வீட்டுக்காரரா?" என்று எடுத்துக்கொடுத்தார். நல்ல எண்ணத்தில்தான். அக்கா கடைசி வரிசையை ஒரு தடவை பார்த்தாள். பிறகு ஆமாம் என்றாள். யாரும் சுமக்காமல், யாருக்கும் வலிக்காமல், அந்த ஒரு ஆமாமில் அவர் பிறந்துவிட்டார்.

"என் மேல கோபம்னா அவர் லிஃப்ட்ல ஏற மாட்டார். எட்டு மாடியும் படியேறி வருவார். வந்து சேரும்போது கோபம் இருக்காது. மூச்சும் இருக்காது."

கூட்டம் அடங்க நேரமானது. அன்று வீட்டுக்கு வந்து மெக்கானிக் சாப்பிட்டாள், தட்டைக் கழுவி வைத்தாள், ஆம்பளையாக இருப்பது பற்றி இதுவரை யோசித்ததில்லை என்றாள். பிறகு, பரவாயில்லை, சிரிக்கிறார்கள் என்றாள்.

அப்போதிருந்து அவர்களுக்குள் ஒரு முறை ஏற்பட்டது. புது ஜோக் எதுவானாலும் முதலில் சமையலறையில் மெக்கானிக்கிடம் சொல்லியாக வேண்டும். அவள் சிரித்தால் ஜோக் தேறாது, குப்பையில் போடலாம். அவள் முறைத்தால் தேறிவிட்டது என்று அர்த்தம். "எது பழுதானாலும் சரி பண்ணிடுவார். மன்னிப்பு கேக்கிறதுக்கு மட்டும் ஸ்பேர் பார்ட் வரலைம்பார்" என்று சொன்னபோது மெக்கானிக் கரண்டியைக் கீழே வைத்துவிட்டு வெளியே போய்விட்டாள். அந்த ஜோக் அக்காவைப் பல மேடைகளுக்குக் கொண்டுபோனது.

வேறு ஊரில் இருந்த அம்மா, மகளுக்குக் கல்யாணம் ஆனதைப் போனில் வந்த ஒரு வீடியோவைப் பார்த்துத் தெரிந்துகொண்டாள். கல்யாணத்துக்குக் கூப்பிடவில்லையே என்று கொஞ்ச காலம் பேசாமல் இருந்தாள். பிறகு மாப்பிள்ளையைப் பார்க்கக் கிளம்பி வந்தாள். மாப்பிள்ளை டூட்டியில் இருந்தார். அம்மா எப்போது வந்தாலும் அவருக்கு டூட்டி. வீட்டில் இருந்த மெக்கானிக்கை அவருடைய தங்கை என்று அக்கா சொல்லிவைத்தாள். அண்ணனுக்கும் தங்கைக்கும் ஒரே கம்பெனியில் வேலை என்று அதற்கு ஒரு முட்டும் கொடுத்தாள்.

இது வினையாகப் போனது. மாப்பிள்ளையை அம்மாவுக்கு ரொம்பப் பிடித்துவிட்டது. நாத்தனாரைப் பிடிக்கவில்லை. புருஷன் பெண்டாட்டி வாழ்கிற வீட்டில் கல்யாணமாகாத நாத்தனாருக்கு என்ன வேலை, காலாகாலத்தில் ஓர் இடம் பார்த்துத் தள்ளிவிட வேண்டாமா என்று, மெக்கானிக்கின் காதில் விழுகிற மாதிரிதான் சொல்வாள். மெக்கானிக் "டீ எடுத்துக்குங்க அத்தை" என்று டம்ளரை நீட்டுவாள். அண்ணனின் மாமியாரும் அத்தைதான், தன் மாமியாரும் அத்தைதான். அந்த வீட்டில் பொய் கலக்காமல் புழங்கிய சொல் அது ஒன்றுதான்.

இப்படி இருக்கும்போது ஒரு டிவி சேனல் அக்காவின் வீட்டுக்காரரைத் தொடராக எடுக்க வந்தது. அக்காவாக அக்காவே நடிப்பாள், கதவை இனி வேறு யாராவது திறப்பார்கள். வீட்டுக்காரராக வீட்டுக்காரரே நடிக்கலாமே என்று தயாரிப்பாளரான பெண்மணி கேட்டார். அவருக்குக் கூச்சம் என்றாள் அக்கா. தயாரிப்பாளருக்கும் ஒரு கணவர் இருந்ததால் உடனே நம்பினார்.

அந்த வேடத்துக்கு வந்தவர், பெயின்ட் விளம்பரத்தில் சுவரைத் தடவிப் பார்த்துச் சிரிப்பவர். அவர் சொந்தப் பெயரை யாரும் கேட்டதாகத் தெரியவில்லை. எல்லோருக்கும் அவர் பெயின்ட். தொழிலில் சிரத்தையானவர். நடிக்கப் போகிற மனிதரைக் கூட இருந்து பார்க்காமல் நடிக்கமாட்டேன் என்று பிடிவாதமாக நின்றார். அவர் டூட்டியில் இருக்கிறார், ஆனால் தங்கை இருக்கிறாள், அதே வேலை, அதே நடை, அதே முன்கோபம் என்றாள் அக்கா. கடைசியாகச் சொன்ன மூன்றில் ஒன்றுகூடப் பொய் இல்லை.

ஆக, தன்னைப் போல நடிப்பது எப்படி என்று மெக்கானிக் பெயின்டுக்குச் சொல்லிக்கொடுத்தாள். மொட்டைமாடி மோட்டார் அறைகளுக்கெல்லாம் அவரைக் கூட்டிக்கொண்டு போனாள். பூட்ஸ் கனமாக இருக்கும், ஆனால் கனமாக இருப்பதைக் காட்டக் கூடாது. கையெல்லாம் கிரீஸ் இருக்கும்போது மூக்கு அரித்தால் முழங்கை மடிப்பால் தேய்க்க வேண்டும். எந்த வாசலிலும் கால் வைப்பதற்கு முன் ஒரு தடவை கீழே பார்க்க வேண்டும். லிஃப்ட் கதவு திறந்தால் உள்ளே லிஃப்ட் நிற்கும் என்று மற்றவர்கள் நம்புவார்கள். மெக்கானிக் நம்பமாட்டாள். கடை, ஆஸ்பத்திரி, சொந்த வீடு, எங்கே போனாலும் வாசலில் நின்று தரை இருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் உள்ளே வருவாள்.

பெயின்ட் அதை அப்படியே பிடித்துக்கொண்டார். தொடர் ஓடியது. தெருவில் பிள்ளைகள் வாசலுக்கு வாசல் நின்று கீழே பார்த்துவிட்டு நுழைந்தார்கள். அம்மா போனில், மாப்பிள்ளையை நேரில் பார்த்த மாதிரியே இருக்கிறது என்றாள்.

மெக்கானிக் ஒரு அடுக்குமாடிக் கட்டிடத்துக்கு வேலைக்குப் போனபோது, அங்கிருந்த காவலாளி அவளைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தார். டிவியைப் பார்த்து எல்லோரும் கெட்டுப்போய்விட்டார்கள் என்று சொல்லிவிட்டு, "உனக்கு எதுக்கும்மா அந்த ஆள் மாதிரி நடை? நமக்குன்னு ஒண்ணு இருக்கணும்ல" என்றார். அவள் வேலையை முடித்துவிட்டு வந்தாள். அன்று எங்கள் வீட்டு வாசலில் கீழே பார்க்காமல் நேராக உள்ளே வந்தாள். எனக்கு என்னவோ போலிருந்தது. அடுத்து அக்கா சமையலறையில் புது ஜோக் சொன்னபோது மெக்கானிக் சிரித்தாள். அதற்கடுத்ததற்கும் சிரித்தாள். எதைச் சொன்னாலும் மரியாதையாகச் சிரித்தாள். விருந்தாளி சிரிக்கிற மாதிரி இருந்தது. அக்காவுக்குப் புது ஜோக்கே இல்லாமல் போய்விட்டது.

அந்த நேரம் பார்த்துத்தான் தயாரிப்பாளர் ஒரு நேரடி ஒளிபரப்புக்கு நாள் குறித்தார். தொடரின் வெற்றி விழா. அதில் நிஜ வீட்டுக்காரர் மேடைக்கு வந்தே ஆக வேண்டும், கூச்சப்பட்டாலும் பரவாயில்லை, கூச்சமும் நன்றாகத்தான் இருக்கும் என்றார். அக்கா இதைச் சாப்பாட்டு நேரத்தில் எங்களிடம் சொன்னாள்.

மெக்கானிக் சாப்பிட்டு முடித்தாள். கை கழுவிவிட்டு வந்து உட்கார்ந்தாள்.

"இந்த வீட்ல நீ இருக்க, நான் இருக்கேன், உன் தங்கச்சி இருக்கா. இன்னொருத்தருக்கு இடமில்ல. அவர்தான் இருக்கணும்னா சொல்லு, எங்க சர்வீஸ் ஆபீஸ் மாடியில ரூம் காலியா இருக்கு, நான் போயிடறேன்."

"என்னை என்ன பண்ணச் சொல்ற?"

"உண்மையைச் சொல்லு. ஊருக்குச் சொல்ல வேணாம். அந்த தயாரிப்பாளர் அம்மாகிட்ட மட்டும் சொல்லு. உலகத்துல ஒரு ஆளுக்காவது நான் யாருன்னு தெரியட்டும்."

கோபமாகச் சொல்லவில்லை. கோபமாக இருந்தால் படியேறி வந்திருப்பாள். அலமாரியின் மேலிருந்த பையை இறக்கித் தூசி தட்டி வைத்தாள்.

மறுநாள் அக்கா தயாரிப்பாளரைப் பார்க்கப் போனாள். அங்கே நடந்ததை அவள் சொல்லித்தான் எனக்குத் தெரியும். விழாவுக்குப் பெரிய பேனர் அடித்துச் சுவரில் சாய்த்து வைத்திருந்தார்களாம். தயாரிப்பாளர் டீ வரவழைத்துவிட்டு, அவர் என்ன நிறத்தில் சட்டை போடுவார் என்று மட்டும் சொல்லுங்கள், மற்றதை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம் என்றார். அக்கா உண்மையைச் சொல்லத்தான் வாயைத் திறந்தாள். அவள் வாய் பழகியது வேறு. கைதட்டல் வராத வாக்கியம் அதில் நிற்காது.

"அவர் இறந்துட்டார் மேடம்" என்றாள்.

தயாரிப்பாளர் எழுந்து வந்து கட்டிக்கொண்டார். தண்ணீர் கொடுத்தார். நாகரிகமாகக் கொஞ்ச நேரம் பொறுத்திருந்து, அரங்கத்தை முன்பதிவு செய்தாகிவிட்டது, அதே நாளில் அஞ்சலி என்று மாற்றிக்கொள்ளலாமா என்று கேட்டார்.

அக்கா பெரிய பாரத்தை இறக்கிய முகத்தோடு வீட்டுக்கு வந்தாள்.

"போயிட்டார். இனிமே நம்ம வீட்ல அவர் இல்ல."

"எப்படிப் போனார்?" என்று மெக்கானிக் கேட்டாள்.

"தூக்கத்துல."

"உண்மையைச் சொல்லச் சொன்னேன். கொலை பண்ணச் சொல்லல."

உனக்காகத்தான் செய்தேன் என்றாள் அக்கா. அவள் நிஜமாகவே அப்படித்தான் நினைத்திருந்தாள். லிஃப்டில் விழுந்ததாகச் சொல்லாமல் விட்டாயே, அதுவரைக்கும் புண்ணியம் என்றாள் மெக்கானிக். மற்றபடி, அஞ்சலிக் கூட்டம் முடிந்ததும் கிளம்புவதாகச் சொல்லிவிட்டாள். சாவு வீட்டிலிருந்து உடனே பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனால் பார்ப்பவர்கள் தப்பாகப் பேசுவார்களாம்.

அடுத்து வந்த நாட்களில் வீடு பூக்கடையாகிவிட்டது. பூங்கொத்துகளை அக்கம்பக்கத்தார் அனுப்பினார்கள், சேனல் அனுப்பியது, முகம் தெரியாதவர்கள் அனுப்பினார்கள். கொண்டுவந்தவர்களிடம் மெக்கானிக்தான் கையெழுத்துப் போட்டு வாங்கினாள். தன் சாவுக்கு வந்த பூவுக்குத் தானே கையெழுத்துப் போடுகிற பாக்கியம் எல்லோருக்கும் கிடைப்பதில்லை. அவள் வேலை பார்த்த சர்வீஸ் ஆபீஸில் எல்லோரையும் நிற்கவைத்து மௌன அஞ்சலி நடத்தினார்கள். அவளும் நின்றாள். அவர் எந்தக் கிளையில் இருந்தார் என்று பிறகு ஒரு விவாதம் நடந்ததாம். ஒரு மூத்த மெக்கானிக், தான் அவரோடு சேர்ந்து வேலை பார்த்திருப்பதாகவும், தங்கமான மனிதர் என்றும், கொஞ்சம் கடன் வாங்கும் பழக்கம் மட்டும் உண்டு என்றும் சொன்னார்.

பெயின்டும் வந்தார். கண் சிவந்திருந்தது. அக்கா உள்ளே போனதும் மெக்கானிக் பக்கம் திரும்பி, "உங்க சாவுக்கு ரொம்ப வருத்தப்படறேன்" என்றார். "எனக்குக் கிடைச்சதுல நல்ல வேஷம் நீங்கதான்."

மெக்கானிக் எப்போது தெரியும் என்று கேட்டாள்.

"முதல் நாளே. அண்ணனைப் பத்தி எந்தத் தங்கச்சியும் இவ்வளவு பொறுமையா சொல்ல மாட்டா."

முந்தின நாள்தான் டிவியில் அஞ்சலி விளம்பரத்தைப் பார்த்த அம்மா, அஞ்சலி நாளன்று காலையில் வந்து இறங்கினாள். வாசலிலேயே அழத் தொடங்கிவிட்டாள். அக்காவைத் தாண்டி, என்னைத் தாண்டி, நேராகப் போய் மெக்கானிக்கைக் கட்டிக்கொண்டாள். அதற்கு முன் அவளைத் தொட்டுப் பேசியதுகூட இல்லை.

"உன் அண்ணன் போயிட்டாரேம்மா. உன்னை எவ்வளவு பேசியிருப்பேன், எதையும் மனசுல வச்சுக்காதே. என் பொண்ணுக்கு அவர் ஞாபகமா இனி நீ ஒருத்திதான். நீ எங்கேயும் போகக் கூடாது. இங்கேயே இரு."

மெக்கானிக்கின் இரண்டு கைகளும் காற்றில் நின்றன. அணைப்பதா, விலக்குவதா என்று அவற்றுக்குத் தெரியவில்லை.

"அத்தை, எனக்கு அண்ணன் கிடையாது."

துக்கத்தில் பேசுகிறாள் என்று நினைத்து அம்மா அவள் முதுகைத் தடவினாள். போனவரை அப்படியெல்லாம் சொல்லக் கூடாது என்றாள்.

"எப்பவுமே கிடையாது அத்தை. அவர் நான்தான். நான் சாகல."

அம்மா கையை எடுத்தாள். அக்காவைப் பார்த்தாள். அக்கா தலையை ஆட்டினாள். அம்மா நாற்காலியை இழுத்துப் போட்டு, பூங்கொத்துகளுக்கு நடுவில் உட்கார்ந்து, போலீஸ்காரர் மாதிரி விசாரிக்க ஆரம்பித்தாள்.

"எட்டு மாடி படியேறி வந்தது?"

"நான்தான்."

"போன வருஷம் எனக்குச் செருப்பு வாங்கி அனுப்பினது?"

"நான்தான். அளவு சரியா இருந்துச்சா?"

"கொஞ்சம் பெருசு." அம்மா மூக்கைத் துடைத்தாள். "அப்ப ராத்திரி பூரா பஸ்ல அழுதுட்டு வந்தேனே, பக்கத்து சீட்டுக்காரம்மா எனக்குத் தண்ணியெல்லாம் கொடுத்தாங்களே, அது?"

அம்மா ஒரு பூங்கொத்தின் சீட்டை எடுத்து, அதில் இருந்த இரங்கல் செய்தியை முழுவதும் படித்துவிட்டுத் திரும்ப வைத்தாள். பிறகு அக்கா பக்கம் திரும்பினாள்.

"குத்துக்கல்லாட்டம் உக்காந்திருக்கிற ஆளைச் செத்துட்டான்னு சொல்ல உனக்கு எப்படிடி வாய் வந்துச்சு?"

அன்று அவளுக்கு இருந்த கோபம் அது ஒன்றுதான். மற்றக் கோபங்கள் பிறகு தவணை முறையில் வந்தன. சாயங்காலம் தானும் அரங்கத்துக்கு வருவதாகச் சொன்னாள். மேடையில் ஏறி அக்கா ஒரு சொட்டுக் கண்ணீர் விட்டால் அடுத்த பஸ்ஸில் ஊருக்குப் போய்விடுவதாகவும், போகும்போது இவளையும் கூட்டிக்கொண்டு போய்விடுவதாகவும் சொன்னாள். இவள் என்றது மெக்கானிக்கை. மெக்கானிக் அரங்கத்துக்குக் கிளம்பும்போது பையைக் கையில் எடுத்துக்கொண்டாள். அக்கா அதைப் பார்த்தாள்.

அரங்கத்தில் பெயின்டின் ஆளுயரப் படத்தை வைத்துச் சுற்றிலும் வெள்ளைப் பூ அடுக்கியிருந்தார்கள். அந்தப் படத்துக்கு நேர் கீழே பெயின்ட் கறுப்புச் சட்டையோடு உட்கார்ந்திருந்தார். வந்தவர்கள் படத்தைப் பார்த்து அழுதுவிட்டு அவரிடம் துக்கம் விசாரித்தார்கள். அவரும் எல்லோருக்கும் தலையசைத்தார். முன்வரிசையில் அம்மா, மெக்கானிக், நான். மெக்கானிக்கின் மடியில் பை.

கேமராவில் சிவப்பு விளக்கு எரிந்தது. அக்கா வந்து மைக்கைப் பிடித்தாள். கூட்டம் கைக்குட்டைகளோடு தயாராக இருந்தது.

"எல்லாரும் அழுதுட்டு வந்திருக்கீங்க. மன்னிச்சுக்கோங்க. யாரும் சாகல."

இரண்டு மூன்று பேர் பழக்கத்தில் சிரித்தார்கள்.

"எனக்கு வீட்டுக்காரர் கிடையாது. இருந்ததும் இல்ல. நான் இத்தனை வருஷமா சொன்ன ஆள் ஒரு பொண்ணு. லிஃப்ட் ரிப்பேர் பண்றா. அவளோடதான் நான் குடும்பம் நடத்தறேன். முதல் நாளே அவ கடைசி வரிசையில உக்காந்திருக்கான்னு உங்ககிட்ட கையைக் காட்டியிருக்கலாம். பயமா இருந்துச்சு. அப்புறம் நீங்க சிரிச்சீங்க, அதுல பயம் மறந்து போச்சு. இப்ப அவ பையை எடுத்துட்டு வந்திருக்கா. இது முடிஞ்சதும் போயிடுவா." கொஞ்சம் நிறுத்தினாள். "இது ஜோக் இல்ல. எங்க சிரிக்கணும்னு தேடாதீங்க."

யாரும் சிரிக்கவில்லை. சத்தமே இல்லாத கூட்டத்தின் முன் அக்கா நின்று நான் பார்த்ததில்லை. கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் மைக் கம்பியைப் பிடித்துக்கொண்டிருந்தாள். பின்வரிசைகளில் சிலர் எழுந்து போனார்கள்; மடக்கு நாற்காலிகள் ஒவ்வொன்றாகப் படார் படார் என்று மூடிக்கொண்டன. மேடை ஓரத்தில் ஒருவர் தயாரிப்பாளரிடம் கட் பண்ணிவிடலாமா என்று கேட்டார். நேரடி ஒளிபரப்பில் எதைக் கட் பண்ணுவது என்று கேட்டுவிட்டுத் தயாரிப்பாளர் காதிலிருந்த ஹெட்போனைக் கழற்றினார். அந்தத் தொடர் அந்த வாரத்தோடு நின்றது. அன்று அங்கே நிற்கும்போதே அது அக்காவுக்குத் தெரிந்திருக்கும்.

ஒரு கேமராமேன் மட்டும் தன் வேலையைச் செய்தார். அஞ்சலி என்றால் நடுநடுவே குடும்பத்தாரைக் காட்ட வேண்டும் என்று அவரிடம் சொல்லிவைத்திருந்தார்கள். அவர் கேமராவை முன்வரிசைக்குத் திருப்பினார். மேடையின் பின்னால் இருந்த பெரிய திரையில் ஓடிக்கொண்டிருந்த பெயின்டின் முகம் மறைந்து, அம்மாவும் மெக்கானிக்கும் வந்தார்கள். மெக்கானிக் பையைக் கட்டிக்கொண்டு, தலையைக் குனிந்து, தோளைச் சுருக்கி, நாற்காலிக்குள்ளேயே இறங்கிவிடுகிறவள் போல இருந்தாள்.

அம்மா திரையில் தன்னைப் பார்த்தாள். முடியை ஒதுக்கிக்கொண்டாள். தலையைத் திருப்பாமல், உதடு அசைவது தெரியாமல் பேசினாள். பக்கத்தில் இருந்ததால் எனக்குக் கேட்டது.

"பையைக் கீழே வை. நிமிந்து உக்காரு. ஊரே பாக்குது."

மெக்கானிக் பையைக் காலடியில் வைத்துவிட்டு நிமிர்ந்து உட்கார்ந்தாள்.